உங்களுக்குத் தெரியுமா? கணவருக்குப் பின் வரும் பென்சனும் கோர்ட்டுக்குப் போன கதைகளும்

கிழக்கு லண்டன் மனோர் பார்க்கில், சர்ச் ரோடு முருகன் கோயில் பிராகாரத்தில் உட்கார்ந்திருக்கும் மூன்று அம்மாக்களுக்கு மூன்று வேறு அரசுகளின் பணம் வரக்கூடும். ஒருவருக்குத் தமிழ்நாட்டுக் கருவூலத்திலிருந்து குடும்ப ஓய்வூதியம், இன்னொருவருக்குக் கொழும்பு ஓய்வூதியத் திணைக்களப் பணம், மற்றவருக்கு நியூஹாம் கவுன்சில் பென்சன். மூன்றுக்கும் விதி வேறு, படிவம் வேறு. ஆனால் "நீதான் அவருடைய மனைவியா?" என்ற கேள்வி மட்டும் மூன்று இடத்திலும் வரும். அந்தக் கேள்விக்கும் அதைச் சுற்றி எழும் மற்றப் பென்சன் கேள்விகளுக்கும் நீதிமன்றங்களும் சட்டங்களும் சொன்ன பதில்கள் இங்கே.

கிளைவின் பணம், கிளைவுக்கே!

வங்காள நவாப் மீர் ஜாபர், ராபர்ட் கிளைவுக்கு 5 லட்சம் ரூபாய் விட்டுச் சென்றார். கிளைவ் அதைக் கிழக்கிந்தியக் கம்பெனியிடம் ஒப்படைத்தார். அதைக் கொண்டு ஊனமுற்ற கம்பெனிப் படையினருக்கும் இறந்தவர்களின் மனைவிமாருக்கும் பென்சன் தர 1770இல் நிதியம் உருவானது. 1858இல் கம்பெனி ஆட்சி போனது, படையும் போனது. உடனே கிளைவ் தரப்பினர் பணத்தைத் திருப்பிக் கேட்டு வழக்குப் போட்டார்கள். கம்பெனிக்குப் படை இல்லாமல் போனால் பணம் திரும்ப வேண்டும் என்று பத்திரத்திலேயே இருந்ததால், 1863இல் பிரபுக்கள் சபை அவர்கள் பக்கமே தீர்ப்பளித்தது.

இலங்கையின் 1898 சட்டம்

ஈழத்து அரசு ஊழியர் வீடுகளில் 'டபிள்யூ அண்ட் ஓ.பி.' என்ற பெயர் தெரியாதவர் இருக்க மாட்டார். விதவைகள், அநாதைகள் ஓய்வூதிய நிதியத்துக்கான 1898ஆம் ஆண்டின் 1ஆம் இலக்கச் சட்டம்தான் அது. ஆண் ஊழியரின் சம்பளத்தில் மாதாமாதம் பிடித்து, அவருக்குப் பின் மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் கொடுத்தார்கள். வேலைக்குப் போன பெண் இறந்தால் கணவனுக்கு என்ன? அதற்கு 1983ஆம் ஆண்டின் 24ஆம் இலக்கச் சட்டம் வரும்வரை காத்திருக்க வேண்டியிருந்தது.

சம்பளம் கேட்டு வழக்குப் போடலாமா?

அரசு ஊழியர் தன் சம்பளத்துக்காக அரசின் மீது வழக்கே போட முடியாது என்றது இலங்கை உச்ச நீதிமன்றம். சிங்களத் தேர்வு எழுத மறுத்ததால் சம்பள உயர்வை இழந்த கோடீஸ்வரன் என்ற தமிழ் எழுதுவினைஞர் தொடுத்த வழக்கு அது. மேல்முறையீடு லண்டனுக்கு வந்தது. 1969 டிசம்பரில் பிரிவி கவுன்சில் அந்தத் தீர்ப்பைப் புரட்டிப் போட்டது. ஊழியர் வழக்குப் போடலாம் என்றது. அந்தத் தேர்வுக்கு அடிப்படையான தனிச் சிங்களச் சட்டம் அரசமைப்புப்படி செல்லுமா என்ற கேள்வியை மட்டும் கொழும்புக்கே திருப்பி அனுப்பிவிட்டது.

உரிமையா, தயவா?

இலங்கையின் ஓய்வூதியப் பிரமாணக் குறிப்பு, அரசு ஊழியருக்கு ஓய்வூதியத்தில் அறுதியான உரிமை கிடையாது என்றுதான் தொடங்குகிறது. இந்தியாவில் காற்று வேறு பக்கம் அடித்தது. பென்சன் அரசு போடும் பிச்சை அல்ல, ஊழியரின் சொத்து என்று 1971இல் தேவகிநந்தன் பிரசாத் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னது. 1982 டிசம்பர் 17இல் நகாரா வழக்கில் ஐந்து நீதிபதிகள் அதை இன்னும் அழுத்தமாக உறுதி செய்தார்கள். இந்தியாவில் அந்தத் தேதியே இன்றும் ஓய்வூதியர் தினம்.

கலெக்டர் சீட்டு இல்லாமல் சிவில் கோர்ட் இல்லை

1871ஆம் ஆண்டின் ஓய்வூதியச் சட்டம் இந்தியாவில் இன்னும் உயிரோடு இருக்கிறது. அரசு தரும் பென்சன் குறித்த வழக்கைச் சிவில் நீதிமன்றம் எடுக்க வேண்டுமானால் கலெக்டர் போன்ற அதிகாரியின் சான்று வேண்டும் என்கிறது அது. தமிழ்நாட்டுப் பென்சன் வழக்குகள் பெரும்பாலும் 'ரிட்' மனுக்களாகச் சென்னை உயர் நீதிமன்றத்துக்கும் மதுரைக் கிளைக்கும் போகின்றன. அதே சட்டத்தில் நல்லதும் ஒன்று உண்டு. கடன்காரர் யாரும் அரசுப் பென்சனை ஜப்தி செய்ய முடியாது.

1964க்கு முந்தைய மனைவிமார்

மத்திய அரசின் குடும்ப ஓய்வூதியத் திட்டம் 1964 ஜனவரி 1இல் வந்தது. இரண்டு மாதச் சம்பளத்தை ஊழியர் விட்டுக்கொடுத்தால்தான் மனைவிக்குப் பென்சன். 1977 செப்டம்பர் 22இல் அந்த நிபந்தனை போனது. ஆனால் அதற்கு முன்பே ஓய்வு பெற்றவர்களின் மனைவிமார் வெளியே நின்றார்கள். 1985இல் பூனமல் வழக்கில் உச்ச நீதிமன்றம் தலையிட்டது. அவர்களுக்கும் 1977 செப்டம்பர் 22 முதலே கணக்கிட்டுத் தரச் சொன்னது. ஊழியர் உழைத்ததற்கு ஈடாக வருவதால் குடும்ப ஓய்வூதியம் மனைவிக்கும் உரிமையே என்பது அந்தத் தீர்ப்பின் சாரம்.

உயில் எழுதினாலும் செல்லாது

ரயில்வே தொழிலாளி ஒருவர் தன் சொத்தையெல்லாம் தம்பிக்கு என்று உயில் எழுதி வைத்துவிட்டு இறந்தார். குடும்ப ஓய்வூதியமும் தனக்கே என்று தம்பி வந்து நின்றார். 1991இல் வயலெட் ஐசக் வழக்கில் உச்ச நீதிமன்றம் மறுத்தது. குடும்ப ஓய்வூதியம் இறந்தவர் சேர்த்து வைத்த சொத்து அல்ல, அவர் உயிரோடு இருக்கும்வரை அது பிறப்பதே இல்லை. ஆகவே அதை யாருக்கும் எழுதி வைக்க அவருக்கு அதிகாரம் இல்லை. விதி யாரைச் சொல்கிறதோ அவருக்குத்தான்.

ரிட்டயர்டு ஆன பிறகு கல்யாணம்

பணியில் இருக்கும்போது கட்டிய மனைவிக்குத்தான் பென்சன், ஓய்வுக்குப் பிறகு கட்டியவருக்கு இல்லை என்று மத்திய அரசு விதி இருந்தது. 1989இல் பகவந்தி வழக்கில் அது விழுந்தது. எப்போது தாலி கட்டினார் என்பதை வைத்து மனைவிமாரைப் பிரிக்க நியாயமில்லை என்றது உச்ச நீதிமன்றம். அறுபதைத் தாண்டித் துணை தேடுவோர் இந்தத் தீர்ப்பை நினைவில் வைத்துக்கொள்ளலாம்.

இரண்டு மனைவி, ஒரு பென்சன்

தமிழ்நாடு ஓய்வூதிய விதிகள் 1978இல், 49ஆம் விதி ஒன்றுக்கு மேற்பட்ட விதவைகள் இருந்தால் சமமாகப் பங்கிடச் சொல்கிறது. அதைப் படித்துவிட்டு இரண்டாவது மனைவிக்குப் பாதி நிச்சயம் என்று நினைப்பவர்கள் உண்டு. இரண்டு திருமணமும் சட்டப்படி செல்ல வேண்டும் என்பதுதான் சூட்சுமம். இந்துக்களுக்கு இருதாரத் தடை சென்னை மாகாணத்தில் 1949லேயே வந்துவிட்டது, நாடு முழுவதும் 1955இல். பீகார் ஊழியர் ஒருவரின் வழக்கில் 2000ஆம் ஆண்டு உச்ச நீதிமன்றம் இரண்டாவது மனைவிக்குப் பென்சன் இல்லை என்றது. அவர் பெற்ற பிள்ளைகளுக்கு மட்டும் மேஜர் ஆகும்வரை பங்கு உண்டு என்றது.

அக்கா வீட்டில் தங்கை

தமிழ்நாடு மின்வாரிய ஊழியர் ஒருவர், மனைவியின் சம்மதத்தோடு அவருடைய தங்கையையும் சேர்த்துக்கொண்டு பல பத்தாண்டுகள் வாழ்ந்தார். மனைவி முதலில் இறந்தார், பின்னர் அவரும் இறந்தார். தங்கை பென்சன் கேட்டார். சென்னை உயர் நீதிமன்றத்தின் தனி நீதிபதி 2021 ஜனவரியில், இப்படிச் சேர்ந்து வாழ்ந்தவருக்குக் குடும்ப ஓய்வூதியம் உண்டா என்ற கேள்வியைப் பெரிய அமர்வுக்கு அனுப்பினார். 2023 ஆகஸ்டில் ராணுவ வீரர் ஒருவரின் வழக்கில் உச்ச நீதிமன்றம், நீண்ட காலம் கணவன் மனைவியாக வாழ்ந்தவர்களைத் திருமணமானவர்களாகவே கொள்ளலாம் என்று சொல்லி, முதல் மனைவியை அவர் விவாகரத்து செய்த பின்னும் கூடவே வாழ்ந்த பெண்ணுக்குப் பென்சன் தரச் சொன்னது.

லண்டன் குருத்வாராவில் நடந்த கல்யாணம்

மனோர் பார்க் வாசகர்கள் இதைக் கவனமாகப் படிக்க வேண்டும். 1956இல் லண்டன் குருத்வாரா ஒன்றில் சீக்கிய இணை ஒன்று மணந்துகொண்டது. அந்தக் கட்டடம் திருமணத்துக்குப் பதிவான இடம் அல்ல என்பது யாருக்கும் தெரியாது. 37 ஆண்டு குடும்பம் நடத்தி, வரியும் தேசியக் காப்பீடும் கட்டிய கணவர் 1994இல் இறந்தார். மனைவி விதவைப் பென்சன் கேட்டபோது, "உங்களுக்குத் திருமணமே ஆகவில்லை" என்று பதில் வந்தது. 1999இல் மேல்முறையீட்டு நீதிமன்றம், இத்தனை ஆண்டுகள் சேர்ந்து வாழ்ந்ததே திருமணத்துக்குச் சான்று என்று பென்சனைப் பெற்றுத் தந்தது. பாத் வழக்கு என்று அது பெயர் பெற்றது.

அந்தக் கருணையை நம்பி இருக்காதீர்கள்

2020 பிப்ரவரியில் அக்தர் வழக்கில் அதே மேல்முறையீட்டு நீதிமன்றம் கடுமை காட்டியது. ஆங்கிலச் சட்டம் கேட்கும் நடைமுறை எதையும் பின்பற்றாமல் சமயச் சடங்கு மட்டும் நடந்தால், அது செல்லாத் திருமணம்கூட அல்ல, திருமணமே அல்ல என்றது. மண்டபத்தில் ஐயர், நாதஸ்வரம், ஐந்நூறு பேர் சாப்பாடு எல்லாம் இருந்தாலும் பதிவாளர் முன் கையெழுத்து இல்லையென்றால் இங்கிலாந்தில் அது நிற்காது. தமிழ்நாட்டில் நடந்தால் கதை வேறு. அங்கே ஐயர் இல்லாத சுயமரியாதைத் திருமணம்கூட 1967 திருத்தச் சட்டத்தால் செல்லும்.

படிவம் போடாத காதலர்

வட அயர்லாந்துப் போக்குவரத்து நிறுவனத்தில் பதினைந்து ஆண்டு வேலை பார்த்தவர் 2009 கிறிஸ்துமஸுக்கு முதல்நாள் நிச்சயம் செய்துகொண்டு, இரண்டு நாளில் இறந்துபோனார். பத்து ஆண்டாகச் சேர்ந்து வாழ்ந்த துணைவிக்குப் பென்சன் மறுக்கப்பட்டது. காரணம், நியமனப் படிவம் ஒன்று பூர்த்தி செய்யப்படவில்லை. பிரூஸ்டர் வழக்கில் 2017 பிப்ரவரியில் பிரிட்டிஷ் உச்ச நீதிமன்றத்தின் ஐந்து நீதிபதிகளும் ஒருமனதாக அவர் பக்கம் நின்றார்கள். இங்கிலாந்து, வேல்ஸ் கவுன்சில் ஊழியர் திட்டத்தில் 2014 முதலே அந்தப் படிவம் தேவையில்லை. நியூஹாம் ஊழியர்களுக்கும் இதுவே பொருந்தும்.

பழைய கணவர் இன்னும் கணவர்தான் என்றால்?

விமானப்படை உயரதிகாரி ஒருவரோடு 15 ஆண்டு வாழ்ந்த பெண்மணி, பிரிந்துபோன தன் பழைய கணவரை முறைப்படி விவாகரத்து செய்யாமலே இருந்துவிட்டார். அதிகாரி இறந்ததும் அதைக் காட்டி அவருக்குப் பென்சன் மறுத்தார்கள். லாங்ஃபோர்ட் வழக்கில் 2019இல் மேல்முறையீட்டு நீதிமன்றம் அது பாரபட்சம் என்றது. அவர் ஜெயித்தார். விவாகரத்துத் தாள் கையில் இருந்திருந்தால் கோர்ட்டுப் படியேறவே வேண்டியிருக்காது.

தாலி இல்லாத தாய்க்கும் உதவித்தொகை

நான்கு பிள்ளைகள், 23 ஆண்டு கூட்டு வாழ்க்கை, கல்யாணம் மட்டும் இல்லை. வட அயர்லாந்தின் மக்லாக்லின் வழக்கு இது. துணைவர் தேசியக் காப்பீடு கட்டியிருந்தும் விதவைப் பெற்றோர் உதவித்தொகை மறுக்கப்பட்டது. 2018 ஆகஸ்ட் 30இல் பிரிட்டிஷ் உச்ச நீதிமன்றம் அது மனித உரிமைக்கு எதிரானது என்றது. சட்டம் திருத்த அரசுக்கு நாலரை ஆண்டு பிடித்தது. 2023 பிப்ரவரி 9 முதல், பிள்ளைகளோடு சேர்ந்து வாழ்ந்த இணைகளுக்கும் உதவி உண்டு.

ஆண்களும் அழுதார்கள்

மனைவியின் அரசுப் பணியை வைத்துக் கணவனுக்குப் பென்சன் தருவது பிரிட்டனில் பொதுவாக 1988 ஏப்ரல் 6க்குப் பிந்தைய சேவைக்கு மட்டும் என்று இருந்தது. ஓர் ஆசிரியை 2020இல் இதை எதிர்த்து வேலைவாய்ப்புத் தீர்ப்பாயம் போனார். குட்வின் வழக்கு என்று பெயர். அரசு எதிர்த்து நிற்கவில்லை, விதியை மாற்றுவதாக ஒப்புக்கொண்டது.

கொன்றவருக்குக் கொடுக்கலாமா?

கணவரைக் குத்திக் கொன்ற பெண்ணுக்கு விதவை உதவித்தொகை இல்லை என்று 1981இல் லண்டன் உயர் நீதிமன்றம் சொன்னது. திட்டமிட்ட கொலையும் கொடுமை தாங்காமல் நேர்ந்த மரணமும் ஒன்றா என்ற கேள்வி எழ, 1982இல் பறிமுதல் சட்டம் வந்தது. கொலைக் குற்றவாளிக்குச் சலுகை இல்லை, மற்ற மரணங்களில் சூழ்நிலை பார்க்கலாம் என்றது. இந்தியாவில் 2021 ஜனவரியில் பஞ்சாப்–ஹரியானா உயர் நீதிமன்றம், கொலைத் தண்டனை பெற்ற மனைவிக்கும் பென்சன் தர உத்தரவிட்டுப் பரபரப்பூட்டியது. அதே ஆண்டு ஜூனில் மத்திய அரசு, வழக்கு முடியும்வரை குடும்பத்தில் தகுதியுள்ள அடுத்தவருக்குப் பென்சன் போகட்டும் என்று ஆணையிட்டது.

காணாமல் போனவரின் மனைவி

இதைவிடக் கனமான கேள்வி ஈழத்துக் குடும்பங்களுக்கு வேறில்லை. இறந்தார் என்று கையெழுத்துப் போட மனம் வராத மனைவிக்கு, இலங்கையில் 2016 திருத்தச் சட்டம் 'காணாமற்போனமைச் சான்றிதழ்' என்ற வழியைத் திறந்தது. மரணச் சான்று வாங்காமலே அதைக் கொண்டு சலுகைகளுக்கு விண்ணப்பிக்கலாம். இந்திய மத்திய அரசு ஊழியர் காணாமல் போனால், போலீஸில் புகார் பதிந்து ஆறு மாதம் கழித்துக் குடும்ப ஓய்வூதியம் கேட்கலாம். இங்கிலாந்தில் 2013ஆம் ஆண்டுச் சட்டப்படி, ஏழு ஆண்டு தகவல் இல்லையென்றால் உயர் நீதிமன்றத்தில் இறப்பு அறிவிப்புப் பெறலாம்.

பிறகு எடுத்த தத்துப்பிள்ளை

கணவர் இறந்த பிறகு மனைவி ஒரு பிள்ளையைத் தத்தெடுத்தால், அப்பிள்ளைக்கு இறந்தவரின் குடும்ப ஓய்வூதியம் வருமா? 2023 ஜனவரியில் இந்திய உச்ச நீதிமன்றம் வராது என்றது. ஊழியர் உயிரோடு இருந்தபோது இருந்த குடும்பமே குடும்பம். அவர் இறக்கும்போது வயிற்றில் இருந்த பிள்ளைக்கு உரிமை உண்டு, அவர் அறியாத தத்துக்கு இல்லை.

மறுமணம் செய்தால்?

பிரிட்டனின் பழைய போலீஸ் திட்டத்தில் மறுமணம் செய்த விதவை பென்சனை இழந்தார். பணியின்போது உயிர் துறந்த காவலர்களின் துணைவர்களுக்கு 2015 ஏப்ரல் முதல் அந்த விதி நீங்கியது. இந்திய மத்திய அரசில், பிள்ளையில்லாத விதவை மறுமணம் செய்தாலும் பென்சன் தொடரும். சொந்த வருமானம் அரசு வைத்த வரம்புக்குள் இருக்க வேண்டும் என்பதே நிபந்தனை.

கணவனுக்கு முன் பிள்ளைக்கு

விவாகரத்து வழக்கோ குடும்ப வன்முறை வழக்கோ நடந்துகொண்டிருக்கும் பெண் ஊழியர், தனக்குப் பின் பென்சன் கணவனுக்கு அல்ல, பிள்ளைக்கே முதலில் என்று எழுதிக் கொடுக்கலாம். இந்திய மத்திய அரசு 2024 ஜனவரியில் இதை அனுமதித்தது.

தாமதித்தால் உரிமை போகாது, பணம் போகும்

பத்து ஆண்டு கழித்து வழக்குப் போட்டால் தள்ளிவிடுவார்களா? மாதாமாதம் மறுக்கப்படும் பென்சன் தொடர்ந்து நடக்கும் தவறு, அதனால் காலம் கடந்தாலும் கேட்கலாம் என்று 2008இல் தர்சேம் சிங் வழக்கில் இந்திய உச்ச நீதிமன்றம் விளக்கியது. ஆனால் பாக்கித் தொகை, வழக்குப் போடுவதற்கு முந்தைய மூன்று ஆண்டுக்கு மட்டுமே. அந்த வழக்கில் பாதிக்கப்பட்டவர் 16 ஆண்டு காத்திருந்தார்.

இங்கே கடிகாரம் இன்னும் வேகம்

பிரிட்டனில் அரசு ஓய்வூதிய வயதை எட்டாதவர் துணையை இழந்தால் துக்க ஆதரவுத் தொகை உண்டு. 2017 ஏப்ரல் 6 முதல், பிள்ளை உள்ளவருக்கு முதலில் 3,500 பவுண்டு, பிறகு 18 மாதங்களுக்கு மாதம் 350 பவுண்டு. பிள்ளை இல்லாதவருக்கு 2,500, பிறகு மாதம் 100. மூன்று மாதத்துக்குள் கேட்டால்தான் முழுப் பணம். பிந்தினால் மாதத் தவணைகள் கரையும்.

ஒருமுறை சொன்னால் எல்லோருக்கும் தெரியுமா?

இறப்பைப் பதியும்போது 'டெல் அஸ் ஒன்ஸ்' என்ற சேவை தரப்படும். வரித்துறை, கவுன்சில், சில பொதுத்துறைப் பென்சன் அலுவலகங்கள் வரை சேதி போய்விடும். சென்னைக்கும் கொழும்புக்கும் போகாது. அங்கே நீங்கள்தான் எழுத வேண்டும். ஆண்டுதோறும் வாழ்நாள் சான்றும் தர வேண்டும். இந்தியப் பென்சன்காரர்களுக்கு 2014 நவம்பர் முதல் 'ஜீவன் பிரமாண்' மின்னணுச் சான்று இருக்கிறது. ஆல்ட்விச்சில் உள்ள இந்தியத் தூதரகத்திலும் சான்று பெறலாம்.

வக்கீலுக்கு முன் ஒரு கதவு

பிரிட்டனில் பணியிடப் பென்சன் மறுக்கப்பட்டால், முதலில் அந்தத் திட்டத்தின் உள் முறையீடு, அடுத்து ஓய்வூதியக் குறைதீர்ப்பாளர். இரண்டுக்கும் கட்டணம் இல்லை. அரசு உதவித்தொகை மறுக்கப்பட்டால், ஒரு மாதத்துக்குள் மறுபரிசீலனை கேட்டு, பிறகு தீர்ப்பாயம் போகலாம்.

கடைசியாக, இந்த வாரமே செய்ய வேண்டியது

மேலே சொன்ன வழக்குகளில் பல, ஒரு பதிவு, ஒரு படிவம், ஒரு விவாகரத்துத் தாள் இல்லாமல் போனதால் வந்தவை. தீர்ப்பு வந்தபோது பலருக்கும் ஆண்டுகள் கடந்துவிட்டன. ஆகவே திருமணச் சான்று, பென்சன் உத்தரவு எண், நியமனப் படிவத்தின் நகல், இருவர் பெயரும் ஒரே எழுத்தில் உள்ள கடவுச்சீட்டு ஆகியவற்றை ஒரே உறையில் போட்டு வையுங்கள். ஊர்த் தாளில் 'செல்வராணி', லண்டன் தாளில் 'ராணி செல்வம்' என்று இருந்தால் இருவரும் இருக்கும்போதே திருத்திக்கொள்ளுங்கள். அந்த உறை எங்கே இருக்கிறது என்று மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் சொல்லி வையுங்கள்.